கொரியன் புல் பழுத்தால்: அறிகுறி பார்த்துச் சரிசெய்யும் முறை

பாசி படர்ந்தது போல மேடும் பள்ளமுமாக வாசலில் ஒரு பச்சை வேண்டும் என்று கேட்டால், பாளையங்கோட்டை நர்சரிகளில் கையைக் காட்டுவது கொரியன் புல்லைத்தான். ஜாய்சியா இனம். இலை ஒரு மில்லிமீட்டருக்கும் குறைவான அகலம். கத்தரி படாமல் விட்டால் காளையின் திமில் போல அங்கங்கே புடைத்து எழும்பி, வருஷம் முழுக்கப் பச்சையாக நிற்கும். நம் வெயிலுக்கு இதுதான் பொருத்தம். இணையத்தில் விதைப் பொட்டலமாக விற்கிற ஐரிஷ் மாஸ் குளிர்நாட்டுச் செடி. அது மார்கழியில் முளைத்தாலும் கத்திரி வெயிலைத் தாண்டாது. அந்தக் காசை மிச்சம் பிடித்துவிடலாம்.

கொரியன் புல்லில் ஒரு சங்கடம்: எந்தக் கோளாறு வந்தாலும் மேலே தெரிவது ஒரே நிறம்தான். முதலில் மஞ்சள், பிறகு வைக்கோல். அதைப் பார்த்ததும் யூரியாவைத் தூவுகிறார்கள், அல்லது மருந்துக்கடையில் போய் நிற்கிறார்கள். பாதிக்கு மேற்பட்ட நேரங்களில் கோளாறு பச்சைக்கு அடியில் இரண்டு அங்குலத்துக்குள் இருக்கும். அதனால் முதலில் மூன்று சோதனை.

ஒன்று, கெட்ட இடமும் நல்ல இடமும் சேருகிற விளிம்பில் புல்லைக் கொத்தாகப் பிடித்து இழுங்கள். நடுவில் செத்த இடத்தில் இழுத்துப் பயனில்லை. அங்கே எல்லாமே கையோடு வரும்.

இரண்டு, ஆறு அங்குல ஸ்குரூடிரைவரை மண்ணில் குத்துங்கள். தண்ணீர் விட்ட மறுநாளும் பாதிக்கு மேல் இறங்கவில்லை என்றால் மண் இறுகிக் கிடக்கிறது.

மூன்று, பழைய கத்தியால் மூன்று விரல் அகலத்துக்கு ஒரு துண்டு வெட்டி எடுத்துப் பக்கவாட்டில் பாருங்கள். மேலே பச்சை, நடுவில் பழுப்பு நார், கீழே மண் என்று மூன்று அடுக்கு தெரியும். நடு அடுக்கு எத்தனை சென்டிமீட்டர் என்று அளந்து வைத்துக்கொள்ளுங்கள். வெட்டிய துண்டைத் திரும்ப அதே குழியில் வைத்து மிதித்துவிட்டால் பிடித்துக்கொள்ளும்.

புதிதாகப் போட்ட புல்பாய் இரண்டு மூன்று வாரத்தில் காய்கிறது

பாயின் மூலையைத் தூக்குங்கள். மூன்று வாரம் ஆன பாய் லேசில் வரக்கூடாது. சுலபமாக எழும்பி, அடியில் வெள்ளை வேர் ஒன்றும் தெரியவில்லை என்றால் வேருக்கும் மண்ணுக்கும் நடுவில் காற்று நிற்கிறது.

காரணம் பெரும்பாலும் நர்சரி மண்தான். பாய் உதிராமல் வர வேண்டும் என்று களிமண்ணில் வளர்த்து, அரை அங்குலக் களியோடு சேர்த்துச் சீவி எடுத்து அனுப்புகிறார்கள். அதை இங்கே எம்-சாண்ட் பரப்பின் மேல் போடுகிறோம். வெயில் பட்டதும் களி சுருங்கி ஓடு போல் இறுகிவிடும். ஊற்றுகிற தண்ணீர் மேலேயே ஓடி, இணைப்பு இடுக்கு வழியாக இறங்கிப் போய்விடும்.

பாயைத் தூக்கி, அடிக்களியை ஆணி அடித்த பலகையால் கீறிவிட்டு, கீழ்மண்ணை நன்றாக நனைத்துத் திரும்பப் போடுங்கள். மேலே ஒரு பலகையை வைத்து ஏறி நின்று அழுத்துங்கள். இணைப்பு இடுக்குகளில் சலித்த மணலை நிரப்பி விரலால் குத்திவிடுங்கள். முதல் 10 நாள் காலையும் பிற்பகலும் கொஞ்சம் கொஞ்சமாகத் தண்ணீர். பிறகு ஒருநாள் விட்டு ஒருநாள். எம்-சாண்ட் வாங்கும்போது தூசி அலசியதாகக் கேளுங்கள். கல்தூசி கலந்தது நனைந்து காய்ந்தால் பூச்சு மாதிரி கெட்டிப்படும்.

மேலே பச்சை, மிதித்தால் மெத்தை, வெட்டினால் வைக்கோல்

இந்தப் புல்லின் பிறவிக் குணமே இதுதான் என்பதால் கொஞ்சம் விரிவாகவே பார்க்கலாம்.

கொரியன் புல்லின் கணுக்கள் மிக நெருக்கம். புதுத்தண்டு பக்கத்தில் ஓட இடம் கிடைக்காதபோது பழைய தண்டின் மேலேயே ஏறும். இலையில் நார் அதிகமாதலால் உதிர்ந்தது சீக்கிரம் மட்காது. இரண்டு வருஷத்தில் திமிலின் உள்ளே வெளிச்சம் போகாத ஒரு நார் அடுக்கு சேர்ந்துவிடும். அப்புறம் புதுவேர் மண்ணுக்கு இறங்காமல் அந்த நாருக்குள்ளேயே சுற்றிக்கொண்டிருக்கும். மழைக்காலத்தில் இதனால் ஒன்றும் தெரியாது. பங்குனி பிறந்ததும் இரண்டே நாளில் வாடும். காய்ந்த நார் தண்ணீரை உள்ளே விடாது, திமிலின் சரிவில் வழிய விட்டுவிடும்.

வெட்டி எடுத்த துண்டில் நார் அடுக்கு ஒரு சென்டிமீட்டர் இருந்தால் கவலையில்லை, அது வேருக்கு நிழல். இரண்டைத் தாண்டினால் வேலை செய்ய வேண்டும். ஐந்து சென்டிமீட்டர் ஆகிவிட்டால் அந்தத் திமிலைக் காப்பாற்றுவதைவிட வெட்டி எடுத்து மறுபடி நடுவது லாபம்.

வேலை செய்ய நல்ல காலம் தைப்பொங்கல் முடிந்து மாசி கடைசி வரை. மண்ணில் வடகிழக்குப் பருவமழையின் ஈரம் இருக்கும், வெயில் ஏறத் தொடங்கியிருக்கும், கத்திரிக்குள் புல் மூடிக்கொள்ள அவகாசம் கிடைக்கும். தென்காசி, செங்கோட்டை பக்கம் ஆனி, ஆடிச் சாரலிலும் செய்யலாம். ஐப்பசி, கார்த்திகையில் தொடவே வேண்டாம், காயம்பட்ட புல்லில் பூஞ்சை ஏறும்.

முதல் நாள் நனைத்து வையுங்கள். மறுநாள் வேலிக்கத்தரியால் திமிலின் உயரத்தில் மூன்றில் ஒரு பங்கு மட்டும் குறையுங்கள். ஒரே நாளில் தரைமட்டமாக வெட்டினால் மிஞ்சுவது பழுப்பு நார்தான், அதில் தளிர் வரும் கணு குறைவு. அடுத்த வெட்டு மூன்று வாரம் கழித்து. வெட்டியபின் பல் நெருக்கமான இரும்பு வாரியால் இரண்டு திசையிலும் அழுத்திச் சீவுங்கள். நூறு சதுர அடியில் சாக்குக் கணக்கில் நார் வரும். பயப்பட வேண்டாம், அத்தனையும் வெளியே வர வேண்டியதுதான். பிறகு தோட்டத்து முள்கரண்டியால் நான்கு அங்குல இடைவெளியில் நான்கு அங்குல ஆழத்துக்குக் குத்தி லேசாக ஆட்டிவிடுங்கள்.

அடுத்தது மேல்மண். சலித்த மணல் இரண்டு பங்கு, சலித்த மண்புழு உரம் ஒரு பங்கு. நூறு சதுர அடிக்கு அரை சென்டிமீட்டர் கனம் என்றால் சுமார் 45 லிட்டர், அதாவது மூன்று குடம். தூவிவிட்டுத் தென்னை வாரியலால் பெருக்கினால் பொடி இடுக்கில் இறங்கும். இலை நுனி வெளியே தெரிய வேண்டும், மூடிப்போனால் அழுகும். ஒரு வாரம் கழித்து நூறு சதுர அடிக்கு 100 கிராம் யூரியா. மணியாகத் தூவினால் திமிலுக்குள் சிக்கி அங்கங்கே சுட்டுவிடும். 10 லிட்டர் தண்ணீரில் கரைத்துப் பூவாளியால் ஊற்றி, உடனே வெறும் தண்ணீரால் அலசிவிடுங்கள். மூன்று நான்கு வாரம் பார்க்கச் சகிக்காது. அந்த நேரத்தில் இன்னொரு தடவை யூரியா போடத் தோன்றும், போடாதீர்கள்.

திமில் வேண்டுமா, சமதளம் வேண்டுமா என்பதை நட்ட முதல் வருஷத்திலேயே முடிவு செய்துவிட வேண்டும். சமதளம் என்றால் வளரும் காலத்தில் இரண்டு மூன்று வாரத்துக்கு ஒரு வெட்டு, இரண்டு சென்டிமீட்டர் உயரத்தில். திமில் என்றால் மிஷின் கிட்டவே போகக்கூடாது. வருஷம் ஒருமுறை சீவலும் மேல்மண்ணும் மட்டும். ஆறுமாதம் வளரவிட்டு, வீட்டு விசேஷத்துக்கு முந்தின வாரம் ஒட்ட வெட்டச் சொல்வதுதான் மோசமான வழி. பந்தல் போடுகிற அன்று வாசல் வைக்கோல் போராகத்தான் இருக்கும்.

புதுத்தளிர் வெளிறுகிறது, பழைய இலை பச்சை

எந்த இலை மஞ்சள் என்று பாருங்கள். கீழ் இலையிலிருந்து தொடங்கி எல்லாமே வெளிறினால் தழைச்சத்துக் குறைவு, மேலே சொன்ன யூரியா அளவு போதும். நுனித்தளிர் மட்டும் எலுமிச்சை நிறமாகி, முற்றிய இலை பச்சையாகவே நின்றால் இரும்புச்சத்து ஏறவில்லை. மண்ணில் இரும்பு இல்லாமல் இல்லை. சுண்ணாம்பு அதை வேருக்கு எட்டாமல் கட்டிவைத்திருக்கிறது. தாழையூத்து சுற்றுவட்டாரத்தில் நிலமே சுண்ணாம்புக்கல். மற்ற ஊர்களில் புதுவீட்டு வாசல்தான் காரணம். சிமெண்ட் கலவை கொட்டிய இடம், கலவை மிஷின் கழுவிய இடம், உடைந்த பூச்சு புதைத்த இடம் எல்லாம் மஞ்சள் திட்டாக வரைபடம் போட்டுக் காட்டிவிடும்.

அன்னபேதி உப்பு (இரும்பு சல்பேட்) லிட்டருக்கு 5 கிராம், சிட்ரிக் அமிலம் 1 கிராம், இரண்டையும் கரைத்து உடனே தெளிக்க வேண்டும். நூறு சதுர அடிக்கு ஒரு லிட்டர் போதும். சாயங்கால வெயில் தாழ்ந்தபின் தெளித்து, 10 முதல் 15 நாள் இடைவெளியில் இரண்டு மூன்று தடவை திரும்பச் செய்யுங்கள். ஒரு வாரத்துக்குள் தளிர் கறுத்துப் பச்சையானால் கணிப்பு சரி. டைல்ஸ், கிரானைட், வெள்ளைச் சுவர் மேல் ஒரு சொட்டு விழுந்தாலும் துருக்கறை பிடிக்கும், போகாது. ஓரத்தில் பழைய சாக்கை விரித்துக்கொள்ளுங்கள். இந்தத் தெளிப்பு தற்காலிகம்தான். திட்டு சிறியதாக இருந்தால் ஓரடி ஆழம் தோண்டிக் கலவைச் சில்லை எடுத்துச் செம்மண் போடுவதே நிரந்தரம்.

நுனி கருகல், மண்மேல் வெள்ளைப் பொருக்கு

ராதாபுரம், திசையன்விளை, உவரிப் பக்கம் ஆழ்துளைக் கிணற்று உப்பு. காய்ந்த மண்ணில் வெள்ளை படியும், இலை நுனி பழுப்பாகிச் சுருளும். கொரியன் புல் உப்பை ஓரளவு தாங்கும், அதனால் தண்ணீரை மாற்றுமுன் ஊற்றுகிற விதத்தை மாற்றிப் பாருங்கள். தினமும் மேலாக நனைப்பதுதான் பெரிய கெடுதல். தண்ணீர் ஆவியாகப் போய் உப்பு மட்டும் வேர்மட்டத்தில் தங்கும்.

கோடையில் மூன்று நாளுக்கு ஒருமுறை, நூறு சதுர அடிக்குச் சுமார் 140 லிட்டர், அதாவது பத்துக் குடம், விடிகாலையில். ஹோஸ் பிடிப்பவர்கள் ஒரு குடம் நிறைய எத்தனை வினாடி ஆகிறது என்று ஒருதரம் எண்ணிப் பத்தால் பெருக்கிக்கொள்ளலாம். மாதம் இருமுறை இதைப்போல இரண்டு பங்கு விட்டால் உப்பு வேரைத் தாண்டிக் கீழே இறங்கும். ஆனால் வடிகால் இருந்தால்தான். ஸ்குரூடிரைவர் இறங்காத மண்ணில் இரண்டு பங்கு தண்ணீர் விடுவது இன்னும் கெடுதல்.

தண்ணீரைப் பரிசோதனைக்குக் கொடுத்தால் மின்கடத்தும் திறன் (EC) என்று ஒரு எண் வரும். இங்கே சொல்வது dS/m அளவில். ஒன்றுக்குக் கீழே கவலையில்லை. மூன்று வரை மேலே சொன்ன முறையில் ஓட்டலாம். நான்கைத் தாண்டினால் மழைநீர்த் தொட்டி கட்டுவதைப் பற்றி யோசியுங்கள். ஜிப்சம் எல்லா உப்புக்கும் மருந்து என்று நினைப்பது தவறு. மண் நனைந்ததும் சேறாகிக் குழைந்து, காய்ந்ததும் பாளமாகிறது, பரிசோதனையிலும் சோடியம் கூடுதல் என்றால் மட்டும் நூறு சதுர அடிக்கு 1 முதல் 2 கிலோ தூவிப் பலமாகத் தண்ணீர் விடுங்கள்.

மழை நாளில் வட்டவட்டமாகப் பழுப்பு

ஐப்பசி அடைமழையில் தட்டு அகலத்தில் தொடங்கி இரண்டு மூன்று அடிக்கு விரியும். விளிம்பு ஆரஞ்சுப் பழுப்பாக இருக்கும். விளிம்பில் ஓர் இலையை இழுத்தால் அடி அழுகி வழுக்கிக்கொண்டு வரும், வேர் மட்டும் நன்றாக இருக்கும். அம்பை 16 நெல் நடுகிறவர்களுக்கு இலையுறைக் கருகல் தெரிந்திருக்கும். அதே ரைசோக்டோனியா இனப் பூஞ்சைதான் இதுவும். நார் அடுக்கு தடித்த திமிலில்தான் முதலில் வரும்.

தண்ணீரை நிறுத்துங்கள். தேங்குகிற இடத்துக்கு வாய்க்கால் கீறி வடிய விடுங்கள். யூரியாவை மழை முடியும்வரை மறந்துவிடுங்கள், தழைச்சத்து கூடினால் இது ஓடும். வட்டத்தின் மேல் நடந்த செருப்போடு நல்ல இடத்தில் நடக்காதீர்கள். மழை இடைவெளி விட்ட நாளில் கார்பென்டசிம் பூஞ்சைக்கொல்லி லிட்டருக்கு 1 கிராம், வட்டத்துக்கும் அதைச் சுற்றி ஓரடிக்கும் அடித்தூர் நனையத் தெளிக்கலாம். கையுறை, முகமூடி கட்டாயம். பிள்ளைகளும் நாயும் காயும்வரை அந்தப் பக்கம் வரக்கூடாது. டிரைக்கோடெர்மா என்ற நன்மை செய்யும் பூஞ்சையைப் போட நினைப்பவர்கள் அதை நோய் வருமுன் புரட்டாசியிலேயே மேல்மண்ணோடு கலந்து போட வேண்டும். ரசாயன மருந்தோடு சேர்த்தால் அது வீண். வட்டத்தின் நடுவில் தைமாதம் தானாகத் தளிர் வரும், அவசரப்பட்டு வெட்டி எறிய வேண்டாம்.

பாயாக உரிந்து வருகிறது, மைனா கொத்துகிறது

வேரே இல்லாமல் உரிந்து வந்து, அடியில் வளைந்த வெள்ளைப் புழு பழுப்புத் தலையோடு கிடந்தால் வேர்ப்புழு. மைனாவும் மயிலும் அதைத் தேடித்தான் கிளறுகின்றன. அவற்றை விரட்டுவதால் தொல்லை தீராது. ஓரடிச் சதுரத்தில் ஒன்றிரண்டு புழு என்றால் விட்டுவிடலாம். ஐந்தாறு இருந்தால் நூறு சதுர அடிக்கு ஒரு கிலோ வேப்பம்புண்ணாக்குப் பொடியும், மட்கிய எருவில் கலந்த மெட்டாரைசியமும் ஈரமண்ணில் போட்டு நனையுங்கள். மெட்டாரைசியம் உயிருள்ள பூஞ்சை, உச்சிவெயிலில் தூவினால் செத்துப்போகும். கோடைமழை பெய்த அன்று இருட்டியதும் தாய்வண்டுகள் வேப்பமரத்துக்கு வந்து இலை தின்னும். கிளையை உலுக்கிக் கீழே விழுந்ததைப் பொறுக்கி மண்ணெண்ணெய் கலந்த தண்ணீரில் போடுவது எந்த மருந்தையும்விட மலிவு. மட்காத பச்சைச் சாணத்தைப் புல்லில் போடுவது அந்த வண்டுக்கு வெற்றிலை பாக்கு வைப்பதற்குச் சமம்.

மண்பூச்சோடு நாரை மட்டும் அரித்திருந்தால் அது கரையான். அது தின்பது செத்த நாரை. சீவி எடுத்து ஈரம் காத்தாலே போய்விடும்.

கோரை

திமிலுக்கு நடுவே பளபளவென்று முப்பட்டைத் தண்டோடு எழும்பினால் கோரை. வாங்கிய பாயோடு வந்திருக்கும். மேலே பிடுங்கினால் கிழங்கு சங்கிலியாகக் கீழே நின்று, மறுவாரம் இரண்டாகத் தளிர்க்கும். பத்து இருபது குத்து என்றால் ஸ்குரூடிரைவரால் நெம்பிக் கிழங்கோடு எடுங்கள், நாலு இலை விடுமுன் திரும்பத் திரும்ப. அதிகமானால் ஹாலோசல்ஃப்யூரான் களைக்கொல்லி. இங்கே அது கரும்புக்கென்று விற்பனையாகிறது. ஜாய்சியா புல் அதைத் தாங்கும். அளவு மிகச் சிறியது: ஆயிரம் சதுர அடிக்கு ஒரு கிராமுக்கும் குறைவு. கண்ணளவில் போடக்கூடாது, நகைத்தராசு வேண்டும். கிளைபோசேட் வேண்டவே வேண்டாம், கோரையோடு புல்லும் போகும். அருகம்புல் புகுந்தால் கையால் தோண்டுவதுதான்.

மற்றவை

மாமரத்தடியில் மெலிந்து மண் தெரிகிறது என்றால் உரம் போட்டுப் பயனில்லை. நாளுக்கு ஐந்து மணி நேரமாவது நேர்வெயில் விழாத இடத்தில் இந்தப் புல் அடர்த்தியாகாது. கிளை கழிக்க மனமில்லையென்றால் அங்கே குட்டை மோண்டோ புல்லுக்கு மாறுங்கள். வட்டமாகக் கருகி, சுற்றிலும் கரும்பச்சை வளையம் இருந்தால் நாய் மூத்திரம். ஒரு குடம் தண்ணீர். வள்ளியூர், பணகுடி பக்கம் ஆனி ஆடிக் காற்றில் மேற்கு ஓரம் மட்டும் காய்ந்தால் நோயல்ல, ஓரமாக ஒரு முழ உயரத்துக்கு வேலிச்செடி வையுங்கள். 2023 டிசம்பர் 17, 18 தேதிகளில் தாமிரபரணி கரை தாண்டியது போல ஆற்றுவெள்ளம் வண்டலைக் கொண்டுவந்து மூடினால், அது காயுமுன் தண்ணீர் பீய்ச்சி அலசித் தள்ளுங்கள். ஓர் அங்குலத்துக்கு மேல் படிந்ததை மண்வெட்டியின் முதுகால் வழித்தெடுக்க வேண்டும். இலை நுனி எட்டிப் பார்க்கும் அளவுக்கு மீதி இருந்தால் புல் ஏறிவந்துவிடும்.

எதற்கும் மசியவில்லை என்றால்

பிடுங்கிவிட்டுப் புதிதாகப் போடுவதுதான் வழி. எட்டு அங்குலம் தோண்டிக் கல், கலவைச்சில்லு, கோரைக்கிழங்கு எல்லாம் பொறுக்குங்கள். வீட்டுச் சுவரிலிருந்து வெளிப்பக்கமாக 10 அடிக்கு ஓர் அங்குலத்துக்குச் சற்றுக் கூடுதலாக வாட்டம் கொடுங்கள். செம்மண் இரண்டு பங்கு, மணல் ஒன்று, நன்றாக மட்கிய எரு ஒன்று. நிரப்பி இரண்டு தடவை தண்ணீர் கட்டி அமுங்கவிட்டு, பள்ளம் விழுந்த இடத்தில் மறுபடி நிரப்புங்கள். திமிலுக்காக வளர்ப்பவர்கள் முழுப்பாய் போட வேண்டியதில்லை. ஒரு சதுர அடிப் பாயை இரண்டு அங்குலச் சதுரமாக வெட்டினால் 36 துண்டு. ஆறு அங்குல இடைவெளியில் நட்டால் ஒன்பது சதுர அடிக்கு வரும். நூறு சதுர அடிக்கு 12 பாய் போதும். மூடிக்கொள்ள ஒரு வருஷம் ஆகும், அதுவரை வாரம் ஒருதரம் களை எடுக்க வேண்டும். மயில் நடமாட்டம் உள்ள இடமானால் துண்டுகள் வேர் பிடிக்கும்வரை மேலே பழைய மீன்வலையை விரித்து, நான்கு மூலையிலும் முளை அடித்து இழுத்துக் கட்டிவையுங்கள்.